எதிரியும் எதிர்மனுதாரரும்

நம் நாட்டு நீதிமன்றங்களில் வழங்கிவரும் தமிழுக்கென்று ஒரு தனிப் பரிபாஷை உண்டு. குற்றம் சாட்டப்பட்டுக் கூண்டில் நிற்பவரை அது 'எதிரி' என்று குறிக்கிறது. பலர் இருப்பின் முதலாம் எதிரி, இரண்டாம் எதிரி என்று எண்ணிட்டு எழுதுகிறது. அதே கட்டடத்தில் மற்றொருவர் ஜீவனாம்சமோ குழந்தையின் பொறுப்போ கோரி மனுச் செய்வாரானால், அம்மனுவுக்கு விடையிறுக்கக் கடமைப்பட்டவருக்கு 'எதிர்மனுதாரர்' என்று பெயர். காதுக்கு இரண்டும் கிட்டத்தட்ட ஒரே ஓசையுடையனவாகத் தோன்றினும், முன்னது தண்டனையை நோக்கிய சொல். பின்னது பரிகாரத்தை நோக்கிய சொல். புகுந்த வீட்டில் அடியுண்டும், பிறந்த வீட்டிலிருந்து இன்னும் வாங்கிவா என்று நச்சரிக்கப்பட்டும் வாழும் ஒரு பெண், கடைசியில் நியாயஸ்தலத்தின் படியேறும்போது, தன் கணவனை இவ்விரண்டில் எதுவாக்க விரும்புகிறாள் என்ற வினாவை நம் சட்டம் நெடுங்காலம் அவளிடம் கேட்கவே இல்லை. 2005-ஆம் ஆண்டில்தான் கேட்டது. அவ்வினா பிறந்த வரலாற்றையும், அதற்கு அவள் அளித்த விடைக்கு நேர்ந்த கதியையும் ஆராய்வதே இக்கட்டுரையின் நோக்கம்.

சில ஆண்டுகளுக்கு முன், காவிரிப் பாசன மாவட்டம் ஒன்றின் நடுவர் நீதிமன்றத்துக்கு வேறொரு காரியமாகப் போயிருந்த நான், அதன் தாழ்வாரத்தில் ஒரு முற்பகல் முழுவதும் உட்கார்ந்திருக்க நேர்ந்தது. பக்கத்துப் பெஞ்சில் முப்பது வயதுக்குள் மதிக்கத்தக்க ஒரு பெண்ணும், மடியில் துணிப்பையுடன் அவளுடைய தகப்பனாரும் இருந்தனர். பைக்குள் கல்யாணப் பத்திரிகை, நகைக்கடை ரசீதுகள், அரசு மருத்துவமனையின் விபத்துப் பதிவேட்டு நகல், கோடு போட்ட தாளில் தகப்பனார் தம் கைப்பட எழுதிய சீர்ச்சாமான் பட்டியல் ஆகியவை இருந்தன. வக்கீல் குமாஸ்தா வந்து, "என்ன கேஸ் போடணும்? ஸ்டேஷன்ல எஃப்.ஐ.ஆர். போடச் சொல்லலாமா?" என்று கேட்டார். அவள் அவசரமாகத் தலையசைத்து மறுத்தாள். "கேஸெல்லாம் வேண்டாங்க. அவர் கை நீட்டாம இருக்கணும். நானும் புள்ளையும் அந்த வீட்லயே இருக்கணும். அவ்வளவுதாங்க" என்றாள். சட்டம் படித்தவர்கள் பக்கம் பக்கமாக விவாதித்த ஒரு தத்துவத்தை அவள் மூன்றே வாக்கியங்களில் சொல்லிவிட்டாள் என்று அப்போது எனக்குத் தோன்றியது. இப்போதும் அந்த அபிப்பிராயத்தை மாற்றிக்கொள்ள யாதொரு முகாந்திரமும் எனக்குக் கிடைக்கவில்லை.

அவள் தகப்பனாரின் பட்டியலில் தொடங்குவோம். தமிழ்நாட்டில் மிகப் பல சமூகங்களில் ஆதியில் வழங்கியது வரதட்சிணை அன்று, பரிசமே ஆகும். பெண் கேட்டு வருகிற மாப்பிள்ளை வீட்டார்தாம் பொருள் கொடுத்தார்கள். அவ்வழக்கம் மங்கிப்போன பின்னும், நிச்சயதார்த்தத்தைப் 'பரிசம் போடுவது' என்று சொல்லும் வழக்கு இன்றளவும் அழியவில்லை. சீதனம் என்பதோ ஸ்திரீதனம் என்பதன் திரிபு. பெண்ணுக்கே உரிய பொருள் என்பது அதன் தாத்பரியம். தற்கால வரதட்சிணையைப் பண்டைய ஸ்திரீதனத்தின் தொடர்ச்சியாகக் கருதுவது பிழை என்றும், கல்வியும் சம்பள உத்தியோகமும் மணமகனுக்கு ஒரு விலையை உண்டாக்கியதன் விளைவே அது என்றும் சமூகவியலறிஞர் எம். என். ஸ்ரீநிவாஸ் 1980-களில் எடுத்துக் காட்டினார். பெண்ணின் பொருளாக இருந்தது பெண்ணோடு வரும் பொருளாக மாறிய அந்த நுட்பமான இடத்தில்தான் இன்றைய ஹிம்சையின் வித்து கிடக்கிறது. மேலும், கேட்பது கல்யாணத்தோடு நின்றுவிடுவதில்லை. ஆடிச்சீர், தலைதீபாவளி, வளைகாப்பு, பேறுகாலம், பேரனுக்குக் காதுகுத்து என்று ஒவ்வொரு சுபகாரியமும் ஒரு தவணையாக வந்து வாயிலில் நிற்கிறது. தவணை தவறிய மாதத்தில் அடுப்படியில் பேச்சு மாறுகிறது.

இத்தவணைகளுள் எது வரதட்சிணை, எது மரியாதை என்று பிரித்துச் சொல்வது நீதிபதிகளுக்கே எளிதாக இருந்ததில்லை. 2007-இல் வந்த ஒரு வழக்கில், வீட்டுச் செலவுக்கும் எரு வாங்கவும் மனைவி வீட்டில் பணம் கேட்டதை வரதட்சிணை என்று கொள்ளலாகாது என உச்சநீதிமன்றம் கருதியது. 2022 ஜனவரியில், வீடு கட்டப் பணம் கேட்டதும் வரதட்சிணையே என்றும், சமூகத் தீமையை வேரறுக்க இயற்றிய சட்டத்துக்குக் குறுகிய வியாக்கியானம் செய்யலாகாது என்றும் அதே நீதிமன்றம் தீர்ப்பளித்தது. எருவுக்கும் செங்கல்லுக்கும் இடையே 15 ஆண்டுகள் கழிந்தன.

வரதட்சிணைத் தடைச் சட்டம் எளிதிற் பிறந்ததன்று. இரு அவைகளும் அதன் வாசகங்களில் உடன்படாமையால், குடியரசின் வரலாற்றில் முதன்முறையாக நாடாளுமன்றத்தின் கூட்டுக்கூட்டம் கூட்டப்பெற்று, 1961 மே மாதத்தில் அது நிறைவேறியது. அத்தனை பிரயாசையுடன் பிறந்த சட்டம் விதித்த தண்டனை ஆறு மாதச் சிறையும் 5,000 ரூபாய் அபராதமுமே. குற்றம் நடந்த ஓராண்டுக்குள் புகார் செய்தாக வேண்டும். போலீசார் தாமாகப் பிடிக்க இயலாது. எல்லாவற்றிலும் பெரிய இடர், கொடுப்பவரும் வாங்குபவருக்குச் சமமான குற்றவாளி என்று வைத்ததுதான். மகளைக் கரையேற்ற நிலத்தை ஈடு வைத்த தகப்பன் தன்னையே குற்றவாளியாக்கும் வாக்குமூலத்தை எப்படிக் கொடுப்பான்? 1986-இல் செய்த திருத்தம் தண்டனையைக் குறைந்தது ஐந்தாண்டுகள் என்று உயர்த்தியதோடு, பாதிக்கப்பட்டவர் கொடுக்கும் வாக்குமூலத்தைக் கொண்டு அவர் மீதே வழக்குத் தொடரலாகாது என்றும் ஒரு காப்பைச் சேர்த்தது. வக்கீல்களிலேயே பலர் இப்பிரிவைத் தம் கட்சிக்காரருக்கு எடுத்துச் சொல்வதில்லை என்பது என் வருத்தம்.

இதற்கிடையே, 1970-களின் இறுதியில், தில்லியிலும் பிற நகரங்களிலும் 'ஸ்டவ் வெடித்து' இளம் மருமகள்கள் மாண்டுபோகும் செய்திகள் பத்திரிகைகளில் அடிக்கடி வரலாயின. 1979-இல் கருவுற்றிருந்த தம் மகளை நெருப்புக்குப் பறிகொடுத்த சத்யராணி சத்தா என்ற தாய், அத்துயரத்தோடு வீட்டுக்குள் அடைந்துவிடாமல் தெருவுக்கு வந்து, ஆயிரக்கணக்கான பெண்களுக்குத் துணையாக நின்றார். அவர் மருமகன் மீதான தண்டனையைத் தில்லி உயர்நீதிமன்றம் உறுதிசெய்தது 2013-இல். இடையில் 34 ஆண்டுகள். அத்தகைய தாய்மார்களின் கிளர்ச்சியால் 1983-இல் இந்தியத் தண்டனைச் சட்டத்தில் 498ஏ பிரிவும், 1986-இல் 304பி பிரிவும் சேர்ந்தன. கணவனும் அவன் சுற்றத்தாரும் செய்யும் கொடுமைக்கு மூன்றாண்டு வரை சிறை என்றது முன்னது. மணமாகி ஏழாண்டுகளுக்குள் ஒரு பெண் இயற்கைக்கு மாறாக இறந்து, இறப்பதற்குச் சற்று முன் வரதட்சிணைக்காக வதைக்கப்பட்டாள் என்பது நிரூபணமாயின், அதை வரதட்சிணை மரணமாகவே கொள்ள வேண்டும் என்றது பின்னது. 2024 ஜூலை 1 முதல் இவை பாரதிய நியாய சன்ஹிதாவில் 85, 86, 80 என்று வேறு எண்களைப் பெற்றுவிட்டன. ஆயினும் நீதிமன்ற வாசலில் இன்றும் எல்லோரும் 'நானூத்தித் தொண்ணூத்தெட்டு' என்றே சொல்கிறார்கள்.

இப்பிரிவு துஷ்பிரயோகமாகிறது என்ற முறையீடு நீண்ட நாளாக உண்டு. ஏழாண்டு வரையிலான தண்டனைக்குரிய குற்றங்களில் இயந்திரம் போலக் கைது செய்யலாகாது என்று 2014-இல் அர்னேஷ் குமார் வழக்கில் உச்சநீதிமன்றம் போலீசாருக்கு வரையறை விதித்ததும் அம்முறையீட்டின் பயனே. படுத்த படுக்கையான பாட்டனாரையும் வெளியூரில் வாழும் நாத்தனாரையும் எதிரிகளாக்கிய புகார்களும் உண்டென்பதை மறுப்பதற்கில்லை. ஆனால் இவ்விவாதத்தில் ஓர் அநியாயம் மறைந்து கிடக்கிறது. தேசியக் குற்ற ஆவணக் காப்பகத்தின் கணக்கின்படி, 2022-ஆம் ஆண்டில் மட்டும் ஆறாயிரத்துக்கும் மேற்பட்ட வரதட்சிணை மரணங்கள் பதிவாயின. அதாவது நாளொன்றுக்குப் பதினேழு பெண்களுக்குக் குறையாமல். தேசியக் குடும்பநல ஆய்வின் ஐந்தாம் சுற்று, 2019 முதல் 2021 வரை கேட்டறிந்ததில், தமிழ்நாட்டில் மணமான பெண்களுள் நூற்றுக்கு 38 பேர் கணவனின் வன்முறைக்கு ஆளானவர்கள் என்று கண்டது. இந்தியச் சராசரி 29. அடியுண்ட பெண்களுள் யாரிடமேனும் உதவி கேட்டவர்கள் நாடு முழுவதிலும் நூற்றுக்கு 14 பேரே. 77 பேர் உதவியும் கேட்கவில்லை, ஒருவரிடமும் வாய் திறக்கவும் இல்லை. அதிகமாகப் புகார் கொடுக்கிறார்கள் என்று கவலைப்படும் ஒரு தேசத்தில், அடியுண்ட பெண்கள் நால்வரில் மூவர் தம் தாயிடம்கூடச் சொல்லாமல் இருக்கிறார்கள் என்பதை ஒருமுறை நிதானமாக எண்ணிப் பார்க்க வேண்டும்.

ஏன் சொல்லவில்லை? சொன்னால் என்ன ஆகும் என்பது அவளுக்குத் தெரியும். 1992-இல் சென்னை ஆயிரம் விளக்கில் தொடங்கிப் பின்னர் மாநிலமெங்கும் பரவிய அனைத்து மகளிர் காவல் நிலையங்கள், ஆண் போலீசாரிடம் சொல்லக் கூசும் விஷயத்தைச் சொல்ல ஓர் இடம் தந்தன என்பது பெரிய காரியமே. ஆயினும் அங்கே கணவனைக் கூப்பிட்டு அதட்டி எழுதி வாங்கி அனுப்பினால், ராத்திரி அவன் அதே வீட்டுக்குத்தான் வருவான். கைது செய்தால், சிறைக்குப் போனவனின் தாய் கதவைத் திறக்கமாட்டாள். பிறந்த வீடோ, "உனக்குச் செய்ய வேண்டியதையெல்லாம் கல்யாணத்திலேயே செய்துவிட்டோம்" என்று சொல்லி அண்ணன்மார் விடுதலைப் பத்திரம் எழுதி வாங்கிக்கொண்ட வீடு. இந்து மகளிருக்குப் பூர்வீகச் சொத்தில் பங்குண்டு என்று 1989-இலேயே சட்டம் செய்த மாநிலம் நம்முடையது. ஆனால் பத்திரப் பதிவு அலுவலகத்தில் அப்பெண்கள் கையெழுத்திடுவது பெரும்பாலும் பங்கை விட்டுக்கொடுப்பதற்காகவே. தண்டனைச் சட்டம் எத்துணைக் கடுமையாயினும், அன்றிரவு அவள் எங்கே படுத்துறங்குவாள் என்ற கேள்விக்கு அதில் விடை கிடையாது.

விடை தேடிய முயற்சி முதலில் விபரீதமாகவே தொடங்கியது. 2002-இல் அன்றைய அரசு நாடாளுமன்றத்தில் வைத்த மசோதா, 'வழக்கமாக' அடிப்பவனைத்தான் குற்றமுடையவனாகக் கொண்டது; தன்னையோ தன் சொத்தையோ காத்துக்கொள்ளச் செய்த செயலாயின் அது வன்முறையாகாது என்று ஒரு விலக்கையும் வைத்தது; பெண்ணுக்கு வீட்டில் தங்கும் உரிமை அதில் இல்லை. எத்தனை அடிக்குப் பின் வழக்கமாகும் என்று பெண்கள் இயக்கங்கள் கேட்ட கேள்விக்கு விடை இல்லாமல் அம்மசோதா மடிந்தது. இந்திரா ஜெய்சிங் முதலிய வழக்கறிஞர்கள் நெடுநாள் உழைத்து வரைந்த மாற்று வரைவின் சாரத்தைக் கொண்டு, 2005 செப்டம்பர் 13 அன்று குடும்ப வன்முறையிலிருந்து பெண்களைப் பாதுகாக்கும் சட்டம் குடியரசுத் தலைவரின் ஒப்புதலைப் பெற்றது. அதற்கு நான்கு நாள் முன்னர்தான், மகளுக்குப் பூர்வீகச் சொத்தில் மகனோடு சமபங்கு தரும் திருத்தம் நாடு முழுமைக்கும் அமலுக்கு வந்திருந்தது. பிறந்த வீட்டுக் கதவும் புகுந்த வீட்டுக் கதவும் ஒரே வாரத்தில் திறந்தன என்று சொல்லலாம்.

இச்சட்டத்தின் அமைப்பைச் சற்று நிதானித்துப் பார்த்தல் தகும். உடலை வருத்துவது மட்டுமன்றி, வசைமொழியும், பாலியல் கொடுமையும், சம்பளத்தைப் பிடுங்கிக்கொள்வதும், நகையை அடகு வைப்பதும், வரதட்சிணைக்காக அவளையோ அவள் சுற்றத்தாரையோ அச்சுறுத்துவதும் ஆகிய யாவும் இதில் வன்முறையே. மனைவி மட்டுமல்லாமல், ஒரே கூரையின் கீழ் வாழும் தாய், சகோதரி, விதவை மருமகள், திருமணம் போன்ற உறவில் இணைந்திருப்பவள் எவரும் மனுச் செய்யலாம். மாவட்ட சமூகநல அலுவலகத்தில் உள்ள பாதுகாப்பு அலுவலரிடம் போனால், அவரே நடந்ததைக் கேட்டு எழுதி, மனுவையும் வரைந்து நடுவருக்கு அனுப்புவார். வக்கீல் வேண்டுமெனில், பெண் என்ற ஒரே காரணத்தால், வருமானம் பாராமல் சட்டப்பணிகள் ஆணைக்குழு இலவசமாகத் தர வேண்டும். நடுவர், அடிக்கலாகாது, அருகே வரலாகாது என்று பாதுகாப்பு ஆணை பிறப்பிக்கலாம். வீட்டிலிருந்து அவளை வெளியேற்றலாகாது என்றோ, அவனையே வெளியேறும்படியோ வசிப்பிட ஆணை தரலாம். வைத்தியச் செலவும் ஜீவனாம்சமும் இழப்பீடும் வழங்கலாம். குழந்தைகளைத் தற்காலிகமாக அவளிடம் ஒப்படைக்கலாம். சீர்ச்சாமானைத் திருப்பிக் கொடுக்கச் சொல்லலாம். அவசரமாயின், மறுதரப்பைக் கேளாமலே இடைக்கால உத்தரவும் இடலாம். இவ்வளவிலும் அவன் எதிர்மனுதாரனே. பிறப்பித்த பாதுகாப்பு ஆணையை மீறும் அந்த நிமிஷத்தில்தான், ஓராண்டு வரை சிறைக்கும் 20,000 ரூபாய் வரை அபராதத்துக்கும் உரிய எதிரி ஆகிறான்; அக்குற்றத்தை அவள் ஒருத்தியின் சாட்சியத்தைக் கொண்டே நீதிமன்றம் முடிவு செய்யலாம். எதிரியாவதா வேண்டாமா என்ற தீர்மானத்தை அவன் கையிலேயே விட்டிருக்கும் இந்த ஏற்பாட்டைப் போல விவேகமான ஒன்றை நம் குடும்பச் சட்டங்களில் நான் கண்டதில்லை.

ஆனால் இச்சட்டத்தின் உயிர்நிலையான வீட்டுரிமைக்கு அது பிறந்த கையோடு ஆபத்து வந்தது. 2006 அக்டோபர் 26 அன்று சட்டம் அமலுக்கு வந்தது. 50 நாள் கழித்து, டிசம்பர் 15 அன்று, எஸ். ஆர். பத்ரா வழக்கில், மாமியாருக்குச் சொந்தமான வீட்டில் மருமகள் உரிமை கோர இயலாது என்றும், கணவனுக்குச் சொந்தமான, அல்லது அவன் வாடகைக்கு எடுத்த, அல்லது அவனும் பங்காளியாக உள்ள கூட்டுக்குடும்பச் சொத்தான வீடே சட்டம் சொல்லும் 'பகிர்ந்து வாழும் வீடு' ஆகும் என்றும் உச்சநீதிமன்றம் கூறிவிட்டது. நம் ஊர்களில் எத்தனை பேர் கல்யாணமான கையோடு சொந்தப் பெயரில் வீடு கட்டிக் குடியேறுகிறார்கள்? பட்டா மாமனார் பெயரில், மின்கட்டணம் மாமியார் பெயரில், மகன் மாடியறையில் என்பதுதானே வழக்கம்? இத்தீர்ப்பைக் காட்டி, மனு வந்த மறுமாதமே வீட்டைத் தாயின் பெயருக்குத் தானசெட்டில்மென்ட் எழுதிய கணவன்மாரைப் பற்றி வக்கீல்கள் சொல்லக் கேட்டிருக்கிறேன். 14 ஆண்டுகள் கழித்து, 2020 அக்டோபர் 15 அன்று, சதீஷ் சந்தர் அஹுஜா வழக்கில் மூன்று நீதிபதிகள் கொண்ட ஆயம் பத்ரா தீர்ப்பு சரியன்று என்று தள்ளியது. வீடு கணவனின் உறவினர் எவருக்குச் சொந்தமாயினும், அவள் அங்கே நிலையாகக் குடும்பம் நடத்தியிருந்தால் அது பகிர்ந்து வாழும் வீடே என்றது. முதிய மாமனார் மாமியார் அமைதியாக வாழும் உரிமையையும் அதே தீர்ப்பு மறக்கவில்லை. இரண்டையும் நடுவர் சீர்தூக்க வேண்டும், தேவையாயின் வேறு வீடோ வாடகையோ தரச் செய்யலாம் என்றது. அதே ஆண்டு டிசம்பரில், மூத்த குடிமக்கள் சட்டத்தைக் கருவியாக்கி மருமகளை வெளியேற்றும் உபாயத்தையும் உச்சநீதிமன்றம் தடுத்தது.

வீடு பெண்ணின் பெயரிலேயே இருந்துவிட்டால் இத்தொல்லை தீருமா என்று கேட்கத் தோன்றும். யாழ்ப்பாணத்தில் அவ்வழக்கம் உண்டு. 1707-இல் ஒல்லாந்தர் தொகுத்த தேசவழமையை இன்றும் கைக்கொள்ளும் அச்சமூகத்தில், சீதனமாக வீடும் வளவுமே மகளுக்கு எழுதப்படுவதும், மாப்பிள்ளை அங்கே வந்து குடியிருப்பதும் சாதாரணம். எனினும் அவ்வீட்டைக் கணவனின் சம்மதமின்றி அவள் விற்கவோ ஈடு வைக்கவோ தேசவழமை இடங்கொடுப்பதில்லை; சீதன வீடில்லாத பெண்ணின் கல்யாணம் தள்ளிப்போகும் துன்பமும் அங்கே பெரிது. இலங்கையும் நம்மைப் போலவே 2005-ஆம் ஆண்டில்தான் வீட்டு வன்முறைத் தடுப்புச் சட்டத்தை இயற்ற வேண்டியிருந்தது. பத்திரத்தில் பெயர் இருப்பது வேறு, அந்தக் கூரையின் கீழ் பயமின்றி உறங்குவது வேறு.

தமிழ்நாட்டிலிருந்து எழுந்த வழக்குகள் சில இச்சட்டத்தைத் தெளிவாக்கியிருக்கின்றன. 2021 ஜனவரியில் சென்னை உயர்நீதிமன்றத்தில் நீதிபதி என். ஆனந்த் வெங்கடேஷ், இம்மனுக்கள் குற்றப் புகார்கள் அல்ல என்றும், எதிர்மனுதாரருக்கு எதிரிக்கு அனுப்புவது போன்ற சம்மன் அனுப்பலாகாது என்றும், சம்பந்தமில்லாத உறவினரை வரிசையாக இழுத்துப்போடுவதை நடுவரே தொடக்கத்தில் தடுக்க வேண்டும் என்றும் விரிவாக எழுதினார். உயர்நீதிமன்றத்தை அணுகும் வழி எது என்பதில் பின்னர் மாறுபட்ட தீர்ப்புகள் வந்தன. அது வக்கீல்களின் கவலை. பத்தாண்டுகளுக்கு முன் வீட்டைவிட்டு வந்த பெண்ணின் மனுவும் காலங்கடந்ததாகாது என்று 2022 ஏப்ரலில் உச்சநீதிமன்றம் சொன்னது நம் மாநிலத்திலிருந்து சென்ற வழக்கொன்றில்தான். அதே ஆண்டு ஆகஸ்டில் நீதிபதி ஆர். என். மஞ்சுளா, கணவனை வெளியேற்றினால்தான் வீட்டில் அமைதி நிலவும் என்றால், அவனுக்கு வேறு வீடு உண்டா இல்லையா என்று பாராமல் நீதிமன்றம் அவ்வாறே ஆணையிட வேண்டும் என்றார். அடிக்கப்பட்டவள் பெட்டியைத் தூக்கிக்கொண்டு போவதும் அடித்தவன் கட்டிலில் படுத்திருப்பதும் இயல்பென்று எண்ணிப் பழகிய நமக்கு, இவ்வாக்கு ஒரு புதிய தரிசனம்.

தீர்ப்புகள் இவ்வாறு செம்மைப்பட்டிருக்க, நடைமுறை எங்கே இடறுகிறது? ஒரே சொல்லில் விடை கூறலாம்: வாய்தா. முதல் விசாரணையை மனு கிடைத்த மூன்று நாளுக்குள் வைக்க வேண்டும், 60 நாளுக்குள் மனுவை முடிக்க முயல வேண்டும் என்று சட்டம் எழுதியிருக்கிறது. மூன்று நாள் என்பது வெறும் எண் அன்று. அடிபட்ட பெண் அக்கம்பக்கத்தில் அல்லது அக்காள் வீட்டில் முகஞ்சுளிப்பின்றித் தங்கக்கூடிய காலத்தின் அளவு அது. நடைமுறையில், அறிவிப்பைக் கொடுக்கப் போனால் 'ஆள் இல்லை' என்று திரும்பி வரும். பின் ஒட்டச் சொல்லி உத்தரவாகும். அதன்பின் எதிர்மனுதாரர் தரப்பில் வக்காலத்து, எதிருரைக்கு வாய்தா, சமரசப் பேச்சுக்கு வாய்தா, நடுவர் மாற்றலாகிப் புதியவர் வரும்வரை வாய்தா என்று மாதங்கள் உருளும். ஒரு மாவட்டத்தின் அத்தனை தாலுகாக்களுக்கும் ஒரே பாதுகாப்பு அலுவலர் என்றால் அவர் அறிவிப்பைச் சேர்ப்பாரா, அறிக்கை எழுதுவாரா, நீதிமன்றத்தில் நிற்பாரா? 2025 மே மாதத்தில் உச்சநீதிமன்றமே தலையிட்டு, மாவட்ட, தாலுகா அளவில் பாதுகாப்பு அலுவலர்களை ஆறு வாரத்துக்குள் நியமித்தாக வேண்டும் என்று மாநிலங்களுக்குக் கட்டளையிட வேண்டியிருந்தது. சட்டம் அமலுக்கு வந்து அப்போது பதினெட்டு ஆண்டுகள் கடந்திருந்தன.

தாழ்வாரத்தில் நான் பார்த்த பெண்ணின் மனு என்னவாயிற்று என்று குமாஸ்தாவை அவ்வப்போது விசாரித்து வந்தேன். இடைக்கால உத்தரவு கேட்ட மனுவே எட்டாம் வாய்தாவில்தான் விசாரணைக்கு வந்ததாம். அதற்குள் பிள்ளையைத் தகப்பனார் ஊர்ப் பள்ளிக்கூடத்தில் சேர்த்தாயிற்று. அவளும் பக்கத்து டவுனில் ஜவுளிக்கடை ஒன்றில் வேலைக்குப் போய்க்கொண்டிருந்தாள். பதினான்கு மாதம் கழித்து வந்த உத்தரவில் ஜீவனாம்சமும், சீர்ச்சாமானைத் திருப்பித் தர வேண்டும் என்ற ஆணையும் இருந்தன. அந்த வீட்டிலேயே இருக்க வேண்டும் என்று அவள் கேட்ட முதற்கோரிக்கைக்கு எதிரே, 'வலியுறுத்தப்படவில்லை' என்ற ஒரே சொல் இருந்தது.

சாமான் எடுக்கப் போன நாளில் நானும் குமாஸ்தாவோடு சென்று தெருவில் நின்றேன். பாதுகாப்பு அலுவலரும் ஒரு பெண் காவலரும் உள்ளே இருந்தனர்; வாசலில் ஒரு குட்டியானை வண்டி நின்றது. தகப்பனார் கோடு போட்ட தாளை விரித்து வைத்துக்கொண்டு ஒவ்வொன்றாகச் சொல்ல, அலுவலர் குறியிட்டு வந்தார். பீரோ வந்தது, கட்டில் வந்தது, குத்துவிளக்கு ஒன்று வந்தது, மற்றதைக் காணோம். ஒரு பித்தளைக் குடத்தை, அது எங்கள் வீட்டு மாதிரிக் குடம் என்று மாமியார் பிடித்துக்கொண்டார். கல்யாணத்துக்கு வாங்கும் பாத்திரங்களில் பெயர் வெட்டும் வழக்கம் நம் பக்கத்தில் உண்டல்லவா? அந்தப் பெண் குடத்தை வாங்கிக் கவிழ்த்து, கழுத்தின் உட்புறத்தைப் புடவைத் தலைப்பால் துடைத்து வெளிச்சத்தில் காட்டினாள். தகப்பனாரின் முதலெழுத்தும், அவள் பெயரும், கல்யாணத் தேதியும் அங்கே இருந்தன. அலுவலர் வாய்விட்டுப் படித்துவிட்டுத் தாளில் ஒரு கோடு போட்டார். மாமியார் ஒன்றும் பேசாமல் உள்ளே போய், இட்லிப் பானையையும் தாமே கொண்டுவந்து படியில் வைத்தார். அதற்கு மூடி இல்லை. "மூடி எங்கேன்னு கேளும்மா" என்றார் தகப்பனார். அவள் மாடியறையின் ஜன்னலை ஒருமுறை நிமிர்ந்து பார்த்தாள். "இருக்கட்டும்பா, ஏத்தச் சொல்லுங்க" என்றாள்.